அம்மிக்கு அண்ணன் காட்டிய சைகை

போன இடத்திலும் யாரையாவது சிரிக்க வைத்துக்கொண்டிருக்கும் என் அண்ணனுக்கு,

நீ போய் ஒரு வருடம் திரும்பிவிட்டது. உன் பெயரைச் சொன்னால் இன்று செங்கல்பட்டில்கூட ஒருவருக்கும் தெரியாது. வாய் திறக்காத கோமாளி வேஷக்காரனை யார் நினைவில் வைத்திருப்பார்கள்? நான் வைத்திருக்கிறேன். அதைச் சொல்லத்தான் எழுதுகிறேன்.

எழுபதுகளின் கடைசியில் மெட்ராஸ் டிவியில் பழமொழிப் போட்டி வந்ததே. நீ பேசாமல் நடித்துக் காட்டுவாய், எதிரில் இருப்பவர்கள் பழமொழியைக் கண்டுபிடிக்க வேண்டும். முதல் இரண்டு தடவை வெளுத்துக் கட்டினாய். மூன்றாவதும் நன்றாகப் போனால் மாதாமாதம் கூப்பிடுவதாகச் சொல்லியிருந்தார்கள்.

மாமல்லபுரத்தை ஒட்டிய நம் குப்பமே அன்று பொதுக் கட்டடத்து டிவி முன்னால் உட்கார்ந்திருந்தது. பிறவியிலேயே காது கேளாத நம் அம்மா கடைசி வரிசையில். "ஊமச்சிக்கு இன்னா புரியப்போவுது" என்பதுதானே ஊர்ப் பேச்சு.

உனக்கு வந்தது 'அடிமேல் அடி அடித்தால் அம்மியும் நகரும்'. மேடையில் அம்மி என்றால் இரண்டு கையாலும் அரைத்துக் காட்டுவாய். அன்றைக்கோ முழங்கையால் கண்ணைத் துடைத்தாய். மிளகாய் அரைத்தால் கண் எரியுமே, அம்மிக்கு அம்மா வைத்திருந்த சைகை அது. நம் வீட்டைத் தாண்டி யாருக்குத் தெரியும்? அவர்கள் 'அழுத பிள்ளை பால் குடிக்கும்' என்றார்கள்.

இங்கே அம்மா எழுந்து நின்றுவிட்டாள். உள்ளங்கையில் குத்திக் குத்தி, கண்ணைத் துடைத்து, எதையோ தள்ளிக் காட்டினாள். நான் அதை வாயால் சொன்னேன். டிவியிலும் அதே விடைதான் வந்தது. மீன் விற்கும் பக்கத்து வீட்டு அக்கா திரும்பிப் பார்த்து, "படிச்சவனுக்கே தெரியல, இந்தம்மாவுக்குத் தெரிஞ்சிகீது. முன்னாடி வந்து குந்து யக்கா" என்றாள். பிறகு அந்த அக்கா நம் அம்மாவிடம் கையால் பேசவும் கற்றுக்கொண்டாள். அம்மாவுக்கு முதல் சிநேகிதி கிடைத்தாள்.

உன்னை அப்புறம் கூப்பிடவே இல்லை. கேட்டதற்கு, "லைட்டப் பாத்ததும் பேஜாராயிடுச்சி, கை வூட்டுப் பேச்சுக்குப் பூட்ச்சி" என்று சிரித்தாய். நிஜமாகவே தவறினாயா? இல்லை, அம்மா பார்த்துக்கொண்டிருப்பாள் என்று தெரிந்தேதானா? எதுவானாலும் உனக்குக் கோடி புண்ணியம், அண்ணா.

ஒரு சேதி. கூடுவாஞ்சேரியில் இருக்கும் என் பேத்திக்கும் காது கேட்கவில்லை. வைத்தியம் நடக்கிறது. மகள் அழுகிறாள், எனக்குப் பயமே வரவில்லை. போன வாரம் அந்தக் குட்டி என்னைப் பார்த்ததும் தன் மூக்கைத் தொட்டுக் காட்டினாள். என் மூக்குத்தியைத்தான். யாரும் சொல்லித்தராமல் எனக்கு ஒரு பெயர் வைத்துவிட்டாள்.

அவள் கையைப் பிடித்து அடக்க யாரையும் விடமாட்டேன். என் மகளை உட்காரவைத்து, அம்மா பேசிய பேச்சு முழுவதையும் சொல்லித்தருவேன். இது உனக்கு நான் தரும் வாக்கு.

பேத்திக்கு மூக்குத்தி,
உனக்கு என்றைக்கும் தங்கை.