எனக்கும் பெரட்டு வந்துவிட்டது

என்னைப் பெத்த அம்மாவுக்கு,

நல்லவேளை, இதைப் பார்க்க நீ இல்லை. எனக்கும் பெரட்டு வந்துவிட்டது அம்மா.

விடியக் காலையில் தேயிலைத் தோட்டத்துப் பெரட்டு வரிசையில் நின்று பேர் கொடுத்தே உன் காலம் போனது. "எம்மவ கெம்பஸ்ல இங்கிலீஸ் படிச்சுக் குடுக்குறா. பெரட்டுல போயி நிக்கிற வேலை இல்ல, பாத்துக்கங்க" என்று லயத்து வீடு வீடாய்ச் சொல்லித் திரிந்தாயே! இப்போது காலையில் வாசலில் இருக்கும் மெஷினில் விரல் வைக்க வேண்டும். பிறகு புதிய பணிப்பாளர் எங்களை மேசையைச் சுற்றி உட்கார வைத்து, யார் வகுப்பில் எத்தனை பேர் தேறுவார்கள் என்று கேட்பார். உங்கள் கணக்கப்பிள்ளை கொழுந்து பறிக்கிற மலைக்காவது ஏறி வருவார். இவர் ஒரு நாளும் வகுப்புக்குள் வந்து உட்கார்ந்ததில்லை. ஸ்கிரீனில் தெரியும் பச்சை, சிவப்புக் கட்டங்களைத்தான் பார்ப்பார்.

பிள்ளைகளுக்கு இப்போது பெயர் 'பயனாளி'. நான் 'வளம்'. சிரிக்காதே.

சுகந்தி என்று ஒருத்தி. அக்கரப்பத்தனையிலிருந்து பஸ்ஸில் வருகிறாள். மற்றப் பாடங்களில் கெட்டிக்காரி. என் ஆங்கிலப் பேச்சு வகுப்பில் மட்டும் வாய் திறக்க மாட்டாள். "மனசுல வருதுங்க மிஸ், வாயில வர மாட்டேங்குது" என்றாள். அது எனக்குப் புரியாமல் வேறு யாருக்குப் புரியும்? நானும் அப்படித்தானே இருந்தேன்.

போன வாரம் எல்லோரும் போன பிறகு, பலகையைத் துடைத்துக்கொண்டே, எனக்கு முதுகைக் காட்டியபடி, ஆங்கிலத்தில் ஒரு முழு வாக்கியம் சொன்னாள். காலையில் பீலிக் குழாயில் தண்ணீர் வரவில்லையாம். நான் நிமிரவில்லை, நிமிர்ந்தால் நிறுத்திவிடுவாள். "அப்புறம்?" என்று நானும் ஆங்கிலத்திலேயே கேட்டேன். அதற்கும் பதில் வந்தது! அன்றைய சந்தோஷத்தைச் சொல்ல வீட்டில் ஆள் இல்லை. ரைஸ் குக்கரிடமா சொல்வது?

நேற்றுக் கூட்டத்தில் பணிப்பாளர் அவள் பெயரை என் வகுப்பிலிருந்து வெட்டச் சொன்னார். பேசாத பிள்ளைகளைக் கம்ப்யூட்டரிலேயே ஆங்கிலம் படிக்கும் பாடத்துக்கு அனுப்பிவிட்டால் வகுப்பின் பெறுபேறு உயருமாம். அந்தக் கம்ப்யூட்டர் அவளிடம் "அப்புறம்?" என்று கேட்குமா?

எனக்கு உன் பெரட்டு ஞாபகம் வந்தது. லயத்தில் பக்கத்துக் காம்பரா மாரியாயி அக்கா பிள்ளைக்குப் பால் கொடுத்துவிட்டு வரப் பிந்தினால், கணக்கப்பிள்ளை பேர் வெட்டுவதற்குள் நீ முந்திக்கொள்வாய்: "அவ வர்றா ஐயா, வந்துக்கிட்டே இருக்கா." எல்லோரும் ஆங்கிலம் பேசும் அந்த மேசையில், ஆங்கிலம் கற்பிக்கிற நான், அதையே அப்படியே தமிழில் சொல்லிவிட்டேன். சத்தமாகத்தான்.

பணிப்பாளருக்குத் தமிழ் தெரியும். ஆனாலும் ஆங்கிலத்தில்தான் கேட்டார், எப்போது வருவாள் என்று. தவணை முடிவதற்குள் என்றேன். அப்படியானால் அவளுடைய பெறுபேற்றைப் பார்த்துத்தான் என் ஒப்பந்தம் புதுப்பிக்கப்படும் என்றார். என் வேலை வருடா வருடம் புதுப்பிக்கிற வேலை என்பது உனக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் நீ தூங்கியிருக்க மாட்டாய்.

என்னோடு தினமும் தேத்தண்ணி குடிக்கிறவர்கள்கூட என் முகத்தைப் பார்க்கவில்லை. வெளியே வந்து மழையில் குடையை விரிக்காமல் நின்றேன். மாரியாயி அக்காவுக்கு நீ இருந்தாய். நாளைக்கு என் பேரை வெட்டப் போனால், "அவ வர்றா" என்று எனக்காகச் சொல்ல யார் இருக்கிறார்கள் அம்மா?

பயமாகத்தான் இருக்கிறது. ஆனால் சுகந்தியின் பெயர் வெட்டுப்படவில்லை. இன்றைக்கு முன்வரிசையில் வந்து உட்கார்ந்தாள், இன்னும் பேசவில்லை. அவள் வாய் திறக்கும் வரைக்கும், என் பேர் அங்கே இருக்கும் வரைக்கும், ஒவ்வொரு காலையும் அந்த மேசையில் சொல்வேன், அவ வர்றா என்று. உன்மேல் சத்தியம்.

இப்படிக்கு,
உன் வரிசையில் நிற்கும்
உன் மூத்த மகள்