மேஜர் ஏறாத குதிரை

12.6.2006
இருபத்து நாலாயிரம் டி-ஷர்ட் பெட்டியில் ஏறியாகிவிட்டது. இருபதாம் தேதி இன்ஸ்பெக்‌ஷன். பாஸானால் நான் மெர்ச்சண்டைசிங் மேனேஜர் – முதலாளி சாமியப்பன் சாரே சொன்னார்.

சரக்கை வாங்கும் வெளிநாட்டுக் கம்பெனி சார்பில் பார்க்க வருகிறவர் மேஜர் ஹார்ட்லி. பிரிட்டிஷ் குதிரைப்படையில் இருபத்திரண்டு வருஷம் இருந்து ஓய்வு பெற்றவர். சாருக்குத் தலைகால் புரியவில்லை. "வரவேற்புல அவரு வாழ்க்கை வரலாறு வாசிக்கோணும். எழுதிரு கீதாஞ்சலி கண்ணு. ஆளு குளுந்துட்டா பெட்டியவே தொறக்க மாட்டாரு."

15.6.2006
மேஜருக்கு மெயில் அனுப்பினேன். பதில் இரண்டே வரி: ரெஜிமெண்ட் பெயர், சேர்ந்த வருஷம்.

"இதென்ன கண்ணு, ரேஷன் கார்டாட்ட இருக்குது? சண்டை கிண்டை ஒண்ணுமில்லியா?"

இரண்டு போர் சேர்த்தேன். போதவில்லையாம். மூன்றாவது போரில் குதிரை செத்துப்போகிறது, மேஜர் நடந்தே போய் ஜெயிக்கிறார். கடவுளே, நானா எழுதினேன்?

18.6.2006
பிளெக்ஸ் வந்தது. வெள்ளைக் குதிரை, தூக்கிய வாள், மேலே மேஜரின் பாஸ்போர்ட் போட்டோ தலை. சாரின் தங்கை மகன் பிரதீப் செய்தது. சார் கண் கலங்கிவிட்டார்.

19.6.2006
நல்ல பெட்டிகளைப் பிரதீப் முன்வரிசைக்கு நகர்த்தினான். தையல் கோணல் எல்லாம் பின்னால், அடியில். எப்போதும் செய்வதுதான்.

20.6.2006
மாலை, சால்வை, நாதஸ்வரம். நான் வாசித்தேன். மேஜர் முகம் சிவக்கக் கேட்டுக்கொண்டிருந்தார். முடிந்ததும் மெல்லச் சொன்னார்: அவர் குதிரையே ஏறியதில்லை. குதிரைப்படை என்பது பெயர்தான், இப்போது எல்லாம் டாங்கி. பாதி சர்வீஸ் அவர் இருந்தது ரெஜிமெண்டின் துணிக் கிடங்கில். பேண்ட், சட்டை, பனியன் எல்லாம் தையல் பார்த்து வாங்கி வைத்தவர்!

"நல்ல பெட்டியை முன்னால் வைக்காத கம்பெனியை நான் பார்த்ததில்லை" என்று சிரித்தபடி பின்வரிசைக்குப் போய் அடிப்பெட்டியைத் திறக்கச் சொன்னார். இதையெல்லாம் யாராவது செக் பண்ணினார்களா என்று என்னைக் கேட்டார். அவர் முதுகுக்குப் பின்னால் சார் தலையாட்டு, தலையாட்டு என்று கண் காட்டினார்.

இல்லை என்று சொல்லிவிட்டேன். ஏன்டி சொன்னே? தெரியல. இன்னொரு பொய் வாயில வரவே மாட்டேன்னுது.

ஃபெயில்.

1.7.2006
ஒன்பது நாள் ஒவ்வொரு பீஸாகப் பார்த்துச் சரிசெய்தோம். நேற்று மேஜர் திரும்ப வந்து பாஸ் போட்டார். இன்று பிரதீப் மேனேஜர். "நீயி அன்னைக்குத் தலையாட்டியிருந்தா…" என்றார் சார். நான் அழவில்லை. சரி, அழுதேன், பாத்ரூமில்.

3.7.2006
ராஜினாமா கொடுத்தேன். நாலு வரி. சார் கண்ணாடி போட்டு இரண்டு தடவை படித்தார்.

"ஆறு வருசம் இருந்திருக்கறே. கம்பெனியப் பத்தி நல்லதா ரெண்டு வார்த்தை சேத்தி எழுதக்கூடாதா கண்ணு?"

"கையெழுத்து மட்டும் போடுங்க சார்" என்றேன்.