சீதன வீட்டு மாப்பிள்ளை

ஜூன் 3, புதன்
கச்சான் காற்று. கொடியில் போட்ட உடுப்பு அரை மணியில் அப்பளம். மாலைதீவிலிருந்து கடிதம்: உயிரியல் ஆசிரியை வேலை, தங்க அறை, பதினான்காம் திகதி விமானம். கணவர் நவாஸிடம் காட்டினேன்.
"ஆரக் கேட்டு அப்ளை பண்ணின?"
சாய்மனைக் கதிரையில் கிடந்தபடி. கல்யாணமாகி எட்டு வருடம். தொழில் தொடங்குவது பற்றி அதே கதிரையில் யோசனை. போன நோன்பில் என் புத்தகங்களைப் பழைய இரும்புக்காரனுக்கு நிறுத்துக் கொடுத்தவர். தூசியாம்.
நான் போட்ட விவாகரத்து மனு காதியாரிடம், எங்கள் கல்யாண வழக்குகள் பார்க்கிறவர். விசாரணை ஞாயிறு.

ஜூன் 5, வெள்ளி
ஜும்ஆ முடிந்ததும் மாமி, நவாஸின் உம்மா.
"பொம்புள தனியக் கடல் தாண்டுறது ஹராம் மகள். சபூர் செஞ்சி பொறுமையா இரிங்க."
மாமியின் மகள் ஆறு வருடமாகத் தனியே குவைத்தில் வேலை. அது ஹராமில் சேராது, பார்சல் வருகிறது.
வாங்க: பெட்டிப் பூட்டு, மிளகாய்த்தூள். மாசிக் கருவாடு வேண்டாம், மாலைதீவில்தான் செய்கிறார்கள்.

ஜூன் 7, ஞாயிறு
காதியார் வீட்டு விறாந்தை. என் அண்ணன், காக்கா, எனக்குச் சாட்சி. நவாஸ் எழும்பி, வீராவேசமாக: "போறெண்டா போகட்டும். இண்டைக்கே எண்ட வீட்ட உட்டு இறங்கட்டும்!"
காதியார் கண்ணாடிக்கு மேலால் பார்த்தார். "வீடு ஆருட பேர்ல தம்பி?"
என் பேரில். என் உம்மா சீதனமாக எழுதியது. இந்த ஊரில் வீடு பெண்ணுக்கு, மாப்பிள்ளை குடிவருகிறவர். எட்டு வருட உறக்கத்தில் மறந்துவிட்டார். மாமியின் வீடும் குவைத் மகளுக்கு எழுதியாயிற்று. அங்கே அவளுடைய மாப்பிள்ளை.
"அப்ப நான் எங்க போற?"
கல்யாணத்துக்குப் பிறகு அவர் கேட்ட முதல் நல்ல கேள்வி. உடனே குரல் மாறியது: "நான் அவவ உடமாட்டன். அவவில எனக்குச் சரியான இரக்கம், பாசம்."
தவணை அடுத்த மாதத்துக்கு. விமானம் காத்திருக்காது.

ஜூன் 9, செவ்வாய்
மாமி போனில்: "வீட்ட மட்டும் அவனுக்கு எழுதிக் குடுங்க மகள். நாளைக்கே தலாக் சொல்லுவான்."
ஆக, இரக்கம் பதினொரு பேர்ச் காணி.

ஜூன் 11, வியாழன்
நொத்தாரிசிடம் போய் வீட்டை எழுதினேன். தங்கச்சி பேரில். அவளுக்கும் கல்யாணம் பேசுகிறார்கள்.
"நீங்க திரும்பி வந்தா எங்க ராத்தா இரிக்கிற?" அழுதாள்.
பத்திரத்தை அவள் கையில் வைத்தேன்.

ஜூன் 12, வெள்ளி
காலையில் ஊருக்கே தெரியும். பகலுக்குள் நவாஸ் தலாக் எழுதிக் கொடுத்துவிட்டார். எழுதும்போது அவர் சொன்னதைக் காக்கா பக்கத்தில் நின்று கேட்டிருக்கிறார்: "அவக்கிட்ட இனி என்ன இரிக்கி?"
அசர் தொழுகைக்குப் பிறகு மாமி: "தலாக்குக்குப் பொறகு மூணு மாசம் வெளிய போகாம இத்தா இரிக்க வீடு வேணுமே மகள்?"
"மாலைதீவிலயும் நாலு சுவர் இரிக்கி மாமி."
பழக்கதோஷம். அவ இனி மாமி இல்லை.