நைனா, அந்த அரை மணி நேரம் எங்கே இருந்தாய்?

கரண்ட் கம்பத்து உச்சியிலிருந்து பேர் சொல்லிக் கூப்பிட்டு என்னைச் சிரிக்கவைத்த என் நைனாவுக்கு,

நீ போய் இருபது வருஷத்துக்கு மேல் ஆகிறது. நான் திருப்பதியில் தனியாக இருக்கிறேன். குவைத்தில் வீட்டு வேலை செய்து கட்டிய வீடு இது. என் மகள், உன் பேத்தி ரேவதி அமெரிக்காவில் கம்ப்யூட்டர் வேலையில் இருக்கிறாள். இதையெல்லாம் விலாவாரியாகச் சொல்ல ஆசைதான். ஆனால் இன்று எழுதுவது வேறொன்றுக்காக.

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, பாலைக் காய்ச்சி இறக்கிவிட்டு முன்னறையில் கீரை ஆய்ந்துகொண்டிருந்தேன். பக்கத்து வீட்டு சரளா மூக்கைப் பொத்திக்கொண்டு ஓடிவந்தாள். போய்ப் பார்த்தால் அடுப்பு எரிகிறது. பாத்திரம் கரியாகியிருந்தது. பாலை நான் இறக்கவே இல்லை.

"அடுப்ப நிறுத்திட்டேன் சரளா. திருகினது இன்னும் கையில கீது," என்றேன்.

சொன்ன பிறகுதான் உறைத்தது. இந்தப் பேச்சை நான் முன்பே கேட்டிருக்கிறேன். உன் வாயால்.

நீ ரிடையர் ஆன பிறகு நான் லீவில் வந்திருந்த ஒரு பகல். கூடத்தில் பல்பு எரிந்துகொண்டிருந்தது. நீ அதையே அண்ணாந்து பார்த்துக்கொண்டு நின்றாய். "லைன ஆஃப் பண்ணிட்டு வந்துகீறேன். கையில இன்னும் கீது. இது எப்டி எரியுது?" என்றாய். கோபமில்லை, குழப்பமில்லை, அவ்வளவு நிச்சயம். பிறகு எங்களை ஒவ்வொருவராகப் பார்த்தாய், நாங்கள்தான் அங்கே இல்லாதவர்கள் போல. அம்மா ஓசைப்படாமல் போய் சுவிட்சை அணைத்தாள். "இப்ப சரி," என்று நீ உட்கார்ந்துவிட்டாய்.

வயசாகிவிட்டது என்றாள் அம்மா. காற்று கருப்பு என்று யாரோ சொல்ல, தாயத்து கட்டினோம். அடுத்த சில வருஷத்தில் உனக்குச் சட்டை போடவும் நாங்கள் வேண்டியிருந்தது. கடைசி லீவில் என்னைப் பார்த்து, "எந்த ஆபீஸ்லேர்ந்து வர்றீங்கம்மா?" என்று மரியாதையாகக் கேட்டாய். இதற்கெல்லாம் ஒரு பேர் உண்டென்று எங்களுக்கு யார் சொன்னார்கள்?

எனக்குச் சொன்னார்கள், நைனா. பாத்திரம் கரிந்த வாரமே டாக்டரிடம் போனேன். சின்னப் பெண். ஐந்து வார்த்தைகளைச் சொல்லி, நடுவில் கடிகாரம் வரையச் சொல்லி, பிறகு அந்த வார்த்தைகளைக் கேட்டாள். மூன்றைச் சொன்னேன்.

"மூணுதானேம்மா குடுத்தீங்க?"

"அஞ்சும்மா."

மிச்சம் இரண்டையும் அவளே சொன்னாள். பிறந்ததிலிருந்து அந்த வார்த்தைகளைக் கேட்டதே இல்லை என்பதுபோல் இருந்தது எனக்கு.

"பயப்படகண்டி அம்மா," என்று தெலுங்கில் தேற்றிவிட்டுத் தமிழுக்கு வந்தாள். "இது டிமென்ஷியா இல்ல. எம்.சி.ஐ.னு சொல்லுவோம். வயசுக்கு வர்ற மறதியவிட ஜாஸ்தி, டிமென்ஷியாவவிட கம்மி. சமைக்கிறீங்க, பஸ் ஏறிப் போறீங்க, உங்க வேலைய நீங்களே பாத்துக்கிறீங்க. டிமென்ஷியான்னா அதெல்லாம் கொஞ்சம் கொஞ்சமா முடியாமப் போகும்."

"அங்க போயிடுவேனா?"

"போறவங்க உண்டு. மத்தவங்களவிட உங்களுக்கு அந்த ஆபத்து அதிகம், பொய் சொல்ல மாட்டேன். ஆனா வருஷக்கணக்கா இப்படியே இருக்கிறவங்களும் உண்டு, தேறினவங்களும் உண்டு. ரத்தம், பிரஷர், காது, தூக்கம் எல்லாம் பாப்போம். ஆறு மாசம் கழிச்சுத் திரும்ப வாங்க."

உன்னைப் பற்றிச் சொன்னேன். அப்பாவுக்கு வந்ததால் எனக்கும் வந்தே தீரும் என்றில்லை என்றாள். "அவருக்கு எப்ப ஆரம்பிச்சது?" என்று கேட்டாள்.

அதைக் கேட்கத்தான் புத்தூருக்கு பஸ் ஏறினேன். உன்னோடு லைன் வேலை பார்த்த முனிரத்தினம் மாமா நன்றாக இருக்கிறார், காது மட்டும் மந்தம். கத்திக் கேட்டேன்.

"நீ கொய்த்துல இருந்தப்போம்மா. மாங்கூழ் ஃபேக்டரிங்களுக்குப் புதுசா லைன் இழுத்துக்கினு இருந்தோம். அண்ணன், உங்க நைனாதான், சப்ஸ்டேஷனுக்கு சைக்கிள்ல போனாரு, கரண்ட நிறுத்தச் சொல்ல. அரை மணில வந்தாரு. நிறுத்தியாச்சு, ஏறுடான்னாரு. ஏறுறதுக்கு முன்னாடி நான் எர்த் கம்பிய லைன்ல மாட்டுனேன். பட்டுனு நெருப்பு பறந்துச்சு. லைன்ல கரண்ட் ஓடிக்கினுதான் கீது."

"வேற லைன நிறுத்திட்டாரா?"

"சப்ஸ்டேஷன்ல போயி கேட்டேன். அண்ணன் இங்க வரவே இல்லியேன்னாங்க. இவரு சத்தியம் பண்றாரு. அங்க டீ குடிச்சேன், கையெழுத்து போட்டேன், ஹேண்டில் அழுத்தினது கையில கீதுன்றாரு. நான் இன்னா சொல்றது?"

அந்த அரை மணி நேரம் எங்கே இருந்தாய் நைனா? யாரிடம் டீ வாங்கிக் குடித்தாய்? எந்த நோட்டில் கையெழுத்துப் போட்டாய்?

"அவருக்குத் தெரிஞ்சிபோச்சும்மா," என்றார் மாமா. "அன்னிலேர்ந்து ரிடையர் ஆவுற வரைக்கும், ரெண்டு வருஷம், கரண்ட நிறுத்தப் போனது நான்தான். வூட்ல சொல்லாதடான்னாரு. நானும் சொல்லல." கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

அந்த இரண்டு வருஷமும் உள்ளே என்ன பயத்தோடு சாப்பிட உட்கார்ந்தாய், எங்களுக்குக் கடுதாசி எழுதினாய்? திரும்பி வரும் வழியெல்லாம் இதே நினைப்பு. நான் மறைக்கக் கூடாது என்று முடிவு செய்துகொண்டேன்.

இன்று காலை ரேவதிக்கு போன் போட்டேன். டாக்டர் சொன்னதை எல்லாம் வரிசையாகச் சொன்னேன்.

"எம்மா, இத நேத்தே சொன்னியே. நான் அழுதேன். நீதான் அழுவாதன்னு தேத்துன."

போனைக் காதிலிருந்து எடுத்துப் பார்த்தேன். நேற்றுக் காலை, அவள் பேர், நாற்பது நிமிஷம். அதில் ஒரு வார்த்தைகூட என்னிடம் இல்லை. என் குரலில் யார் அவளைத் தேற்றியது?

"சரி, திரும்ப சொல்லுமா, கேக்குறேன்," என்றாள் உன் பேத்தி.

மறைக்க மாட்டேன் நைனா. அவளிடம், சரளாவிடம், டாக்டரிடம் சொல்லுவேன். முன்பே சொன்னாய் என்றால் நம்புவேன். நம்பிவிட்டு, இன்னொரு முறையும் சொல்லுவேன்.

இன்னும் தன் பேரைத் தானே எழுதும்
உன் மூத்த மகள்,
கஸ்தூரி