காலி இல்லாத வேலைக்கு ஒரு விளம்பரம்

கிள்ளான்,
ஞாயிறு காலை

அன்பு மகன் யுகேந்திரனுக்கு அப்பா எழுதுவது. இங்கே நானும் அம்மாவும் உன் மனைவி மாதவியும் சுகம், பெர்த்தில் நீயும் அப்படியே இருக்க மாரியம்மன் துணை. போனில் சொன்னால் மாதவி காதில் விழும், அதனால்தான் கடிதம்.

நான் செயலாளராக இருக்கும் தனியார் பள்ளியில் மாதவி கணிதம் எடுக்கத் தொடங்கி நாலு மாதம் ஆகிறதல்லவா, அதில்தான் சிக்கல். எங்கள் பள்ளிச் சட்டதிட்டப்படி காலியிடத்தைப் பத்திரிகையில் விளம்பரம் செய்து பதினான்கு நாள் கழித்தே ஆள் எடுக்க வேண்டும். நானோ கோயில் பலகையில் பால்குட நோட்டீசுக்குப் பக்கத்தில் ஒட்டிவிட்டு, ஊருக்கே சொன்ன மாதிரிதானே என்று இருந்துவிட்டேன். வந்தது ஒரே விண்ணப்பம், அதுவும் நம் வீட்டிலிருந்து. அப்படி எடுத்தது செல்லாது என்று பள்ளியின் வழக்கறிஞர் சொல்லிவிட்டார். பள்ளிக்குழுத் தலைவர் விஜயன், பேப்பர்ல ஒருக்கா போட்டுட்டு மாதவியையே எடுத்துக்கலாம்லா அண்ணே, விளம்பரத்துக்கு முன்னால யாரையும் எடுக்கலன்னு பாரத்துல ஒரு சைன் மட்டும் போட்டுருங்க என்கிறார்.

பேப்பரில் போட்டேன். சாலாக் செலாத்தானிலிருந்து ஷாமினி என்று ஒரு பெண் ரயில் மாறி வந்துவிட்டாள். பன்னிரண்டு வருட அனுபவம், விளம்பரத்தைக் கத்தரித்து ஃபைலில் வைத்திருந்தாள். எல்லாக் கேள்விக்கும் பதில் சொல்லிவிட்டு, அங்கிள், வேல உண்மையிலேயே காலியாத்தான் இருக்கா என்று கேட்டாள். ஆமாம் என்றேன். பக்கத்து வகுப்பறையில் மாதவி வாய்ப்பாடு சொல்லிக்கொடுக்கும் குரல் கேட்டுக்கொண்டிருந்தது. அந்தப் பெண்ணுக்கும் கேட்டது, ஃபைலை மூடிக்கொண்டாள். எனக்கு அவமானமாக இருந்தது ஐயா.

மாதவியை வேலையிலிருந்து நிற்கச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. நீ போன பிறகு அறையை விட்டு வராமல் கிடந்தவள், பள்ளிக்குப் போன பிறகுதான் சிரிக்கிறாள், நான் செய்த கோளாறு அவளுக்குத் தெரியவே தெரியாது. மெல்லவும் முடியவில்லை, விழுங்கவும் முடியவில்லை. செவ்வாய்க்கிழமை பள்ளிக்குழுக் கூட்டம், விஜயன் கொடுத்த பாரம் என் பையில் இருக்கிறது. கையெழுத்துப் போட்டுவிடுவேனோ என்றுதான் பயமாக இருக்கிறது. இது உன் கைக்கு வருவதற்குள் கூட்டம் முடிந்திருக்கும், உன்னிடம் யோசனை கேட்கவில்லை, சொல்ல வேறு ஆள் இல்லை.

குளிர் காலம், காதை மூடிக்கொண்டு வெளியே போ. அம்மாவின் ஆசீர்வாதமும் என்னுடையதும் உனக்கு எப்போதும் உண்டு. மாதவியோடு பேசும்போது பள்ளியைப் பற்றி நீயாக எதுவும் கேட்காதே.

இதிலாவது தயங்காமல் கையெழுத்துப் போடும்
உன் அப்பா,
சின்னையா