இரண்டு முறை தாழ்ந்த கை

பந்து வந்தால் கண்ணை மூடிக்கொள்ளும் என் செல்லத் தம்பி மாரிக்கு,

நீ போய் மூன்று மாதம் ஆகிறது. உன் பதினாறாம் நாள் காரியத்தில் நான் சண்டை போட்டேன். அதை என் வாயாலேயே கேட்டுக்கொள்.

உன் மகன் குமரன் வந்தவர்கள் முன்னால் எழுந்து உன்னைப் பற்றிப் பேசினான். நன்றாகத்தான் பேசினான். "அப்பாவுக்குப் பந்து பிடிக்கக் கத்துக் கொடுத்தது எங்க தாத்தாதான், சயாமுக்குப் போறதுக்கு முன்னால" என்றதும் நான் எழுந்துவிட்டேன்.

"பொய்! கத்துக் கொடுத்தவ நானு."

"அத்தை, இன்னைக்கு இதா முக்கியம்? உக்காருங்க லா."

"எனக்கு இதுதான்டா முக்கியம்."

இலையில் போட்ட சோற்றைத் தொடாமல் லிங்கியில் இருக்கும் என் வீட்டுக்குத் திரும்பிவிட்டேன். இன்றுவரை அதற்காக நான் வருந்தவில்லை. அவனுக்கு அப்படிச் சொல்லிவைத்தது நீதானே? ஏன் சொன்னாய், மாரி?

இப்போதெல்லாம் பகலில் கண் அசந்தாலே நம் தோட்டம் வந்துவிடுகிறது. மலாயாவை ஜப்பான்காரன் பிடித்து ஆண்ட காலம். பால்வெட்டு பாதிக்கு மேல் நின்றுபோய், ரப்பர் மரங்கள் வேலையில்லாமல் வரிசையாக நிற்கின்றன. காலைப் பனியில் அடிமரம் தெரிவதில்லை, மேலே இலைகள் மட்டும் மிதக்கின்றன. எங்கோ ஒரு ரப்பர் காய் 'டப்'பென்று வெடிக்கிறது. நீ கண்ணை இறுக்கிக்கொள்கிறாய். உனக்கு ஐந்து வயது, எனக்குப் பத்து.

முதலில் நான் செய்தது தப்பு. எல்லாப் பிள்ளைகளையும்போல மரத்தில் வெட்டிய கோட்டில் காய்ந்திருந்த ஒட்டுப்பாலை நாடா நாடாவாக உரித்துச் சுற்றிப் பந்து செய்தேன். அது தரையில் பட்டதும் பேய் பிடித்ததுபோல் எகிறி உன் மூக்கில் அடித்தது. அன்றிலிருந்து எலுமிச்சங்காயைத் தூக்கிப் போட்டால்கூட நீ கண்ணை மூடினாய். பிள்ளைகள் உன்னைக் "குருட்டுக் கோழி" என்று கூப்பிட்டார்கள். எனக்குத்தான் பொறுக்கவில்லை.

யாரும் எனக்குச் சொல்லித்தரவில்லை. பழைய தாளை வைத்து நானே எழுத்துக் கற்றவள், இதையும் நானேதான் கண்டுபிடித்தேன். என் தலையணையைப் பிரித்து இலவம்பஞ்சை எடுத்தேன், என் பாவாடை ஓரத்தைக் கிழித்து உருண்டையாகத் தைத்தேன். அம்மா விளக்குமாற்றால் அடித்தாள். "கட்டிக்கத் துணி இல்லாம சாக்கைச் சுத்திக்கிட்டுத் திரியுறோம், மகாராணிக்குப் பந்து கேக்குதா?"

பந்தில் ஒரு சிவப்பு நூல் வைத்திருந்தேன். முதலில் உட்காரவைத்து உருட்டினேன். பிறகு கைதொடும் தூரத்திலிருந்து போட்டேன்.

"நூலு மேல இருந்துச்சா, கீழ இருந்துச்சா?"

"தெரியலக்கா."

"கண்ண மூடிக்கிட்டா எப்படிடா தெரியும்?"

உன்னை ஏமாற்றக் கூடாது என்பதற்காகக் கையை முழங்காலுக்குக் கீழே ஒருமுறை தாழ்த்துவேன். இன்னொருமுறை தாழ்த்துவேன். பிறகுதான் பந்து போகும். பஞ்சுப் பந்து அவசரப்படாது. யோசித்துக்கொண்டே வருவதுபோல வரும். பூனைக்குட்டியை வாங்குகிற மாதிரி வயிற்றோடு அணைத்துக்கொள்ளச் சொன்னேன். ஒருநாள், "கீழ இருந்துச்சுக்கா!" என்று கத்தினாய். அப்புறம் ஒரு மரத் தூரத்துக்கு வந்தோம். அதற்குமேல் போகவில்லை.

அப்பா அப்போதெல்லாம் வாசலில் உட்கார்ந்து பால்வெட்டும் கத்தியைத் தீட்டிக்கொண்டிருப்பார். தலை நிமிரவே மாட்டார்.

அப்பாவைக் கொண்டுபோன அன்று காலை, பெரட்டில் ஆட்களை வரிசையாக நிறுத்திப் பேர் கூப்பிட்ட கையோடு, சயாமில் ரயில் பாதை போட ஆண்களை அப்படியே லாரியில் ஏற்றினார்கள். சேதி கேட்டு நாம் ஓடினோம். துப்பாக்கிக்காரன் நம்மைக் காட்டுவாய்க்காலுக்கு இந்தப் பக்கமே நிறுத்திவிட்டான். லாரி புறப்பட்டது. அப்பா தலைத்துண்டை உருண்டையாக முடிந்து கையில் வைத்திருந்தார். நான் இரண்டு கையையும் நீட்டினேன். தோட்டத்தில் என்னைப்போல் பிடிப்பவள் இல்லை என்று அவருக்குத் தெரியாதா? அவர் உன்னைப் பார்த்தார். உனக்குத்தான் போட்டார்.

நீ கண்ணை மூடவில்லை. வாய்க்கால் தாண்டி வந்த அதை வயிற்றோடு வாங்கிக்கொண்டாய். பிரித்தால் அவித்த மரவள்ளிக்கிழங்கு இரண்டு துண்டு, அவருடைய பகல் சாப்பாடு. அதைத்தான் அன்று நாம் மூவரும் தின்றோம். அப்பா சயாமிலிருந்து திரும்பவில்லை.

எழுபது வருஷமாக என் நெஞ்சில் கிடந்தது இதுதான். பிடிக்கத் தெரிந்தவளை விட்டுவிட்டு ஏன் உனக்குப் போட்டார்? தவறி வாய்க்காலில் விழுந்திருந்தால்? ஆண்பிள்ளை என்றா? உன்னிடமும் கேட்கவில்லை. கேட்டால் அழுதுவிடுவேனோ என்று கேட்கவில்லை.

போன ஞாயிற்றுக்கிழமை குமரன் செனாவாங்கிலிருந்து மகளை மோட்டாரில் உட்காரவைத்துக்கொண்டு வந்தான். நான் கதவைத் திறக்கவில்லை. "அத்தை, நீங்க திறக்கிற வரைக்கும் போகமாட்டேன் லா" என்று முற்றத்தில் நின்றுவிட்டான். பிள்ளைக்குப் பொழுது போகப் பந்து போட்டான். சன்னல் வழியாகப் பார்த்தேன். உன் பேத்தியும் கண்ணை மூடுகிறாள், மாரி.

குமரன் கை முழங்காலுக்குக் கீழே ஒருமுறை தாழ்ந்தது. இன்னொருமுறை தாழ்ந்தது. பிறகு பந்து போனது.

எனக்கு முற்றம் மறைந்துபோயிற்று. லாரி ஓரத்தில் அப்பா குனிகிறார். குரங்கை விரட்டக் கல் வீசுகிறவர்போலத் தலைக்கு மேலிருந்து வீசவில்லை. கை தாழ்கிறது, மறுபடி தாழ்கிறது. கத்தி தீட்டியபடி எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டுதான் இருந்திருக்கிறார். நீ எப்படிப் போட்டால் பிடிப்பாய் என்று தெரிந்தே அப்படிப் போட்டிருக்கிறார்.

கதவைத் திறந்தேன். "யாருடா உனக்கு இப்படிப் போடச் சொன்னா?"

"அப்பாதான். தாத்தா ஒரே ஒருதடவைதான் இப்படிப் போட்டாராம். தாத்தா கொடுத்ததுன்னு தனக்கு அது ஒன்னுதான் இருக்குன்னு சொல்வாரு."

அப்படியா, மாரி? அதற்காகத்தான் அப்படிச் சொல்லிக்கொண்டாயா? என்னிடம் ஒரு வார்த்தை சொல்லியிருக்கக் கூடாதா?

உன் பேத்திக்கு இலவம்பஞ்சில் பந்து தைத்துக்கொண்டிருக்கிறேன். சிவப்பு நூலும் வைத்தாயிற்று. அவள் கண்ணைத் திறக்கும்வரை நான் சாகப்போவதில்லை, இது சத்தியம். அப்பா போட்டார், நீ பிடித்தாய் என்று அவளுக்குச் சொல்வேன். ஆனால் இரண்டு முறை தாழ்ந்தது என் கை. அதை மட்டும் உனக்கும் விட்டுத்தர மாட்டேன், அப்பாவுக்கும் விட்டுத்தர மாட்டேன்.

தலையணை இல்லாமல் தூங்கிய
உன் அக்கா,
அஞ்சலை