புகையறையில் காய்ந்த முயல் பிஸ்கட்

அன்புள்ள செலினாவுக்கு,

லயத்து வரிசை வீட்டார் யாராவது போனில் சொல்வதற்கு முன் நானே சொல்லிவிடுகிறேன். போன வாரம் இறப்பர் பெக்டரி ஐயாவுக்கு முன்னால் நின்று முயல் பிஸ்கட் தின்றேன். மற்றபடி நானும் ரோஷானியும் சுகம். உனக்காக அவள் தினமும் மாதா படத்துக்கு முன்னால் ஜெபம் சொல்கிறாள். நான் பின்னால் நின்று கொட்டாவி விடுகிறேன்.

நீ குவைத்துக்குப் போகும்போது மகளுக்கு வாங்கிக் கொடுத்த இரண்டு முயல்களில் வெள்ளைச்சிக்கு வயிறு ஊதிவிட்டது. மிருக வைத்தியரிடம் தூக்கிக்கொண்டு போனேன். ரொட்டியும் சீனியும் கொடுத்தது யார் என்று சிங்களத்தில் கேட்டார். மகளைக் காட்டிக்கொடுக்கலாமா என்று கொஞ்சம் யோசித்துவிட்டு, "நாந்தாங்க மாத்தயா" என்றேன். முயலுக்குப் புல்தான் சாப்பாடு, ஆசைக்கு வேண்டுமானால் சீனி போடாமல் ஏதாவது துளி கொடு என்று ஏசி அனுப்பினார்.

வழியெல்லாம் ரோஷானி அழுதாள். "அம்மா வர்றப்ப ரெண்டும் இருக்கணும்ப்பா. ஒன்னு செத்துட்டா நாந்தான் பாத்துக்கலன்னு நெனைப்பாங்க" என்றாள். அதற்குமேல் எனக்கு எங்கே ஓய்வு? விடிய இறப்பர் மரத்தில் பால்வெட்டு, மத்தியானம் பெக்டரி, வந்து சோறு, அதன்பிறகு முயலுக்குப் பலகாரம். ஓட்ஸை உரலில் இடித்து, கரட்டைத் துருவி, வாழைப்பழம் கொஞ்சம் பிசைந்து, காசளவு வட்டமாகத் தட்டினோம். பிஸ்கட் சுடும் அடுப்பு நம் வீட்டில் ஏது? இறப்பர் ஷீட் காயப்போடும் புகையறையில், ஷீட்டுக்கு நடுவே ஒரு தட்டை மாட்டிவிட்டேன். இத்தனை வருஷம் பெக்டரியில் இருந்து கற்ற அறிவு அவ்வளவுதான்.

பெக்டரி ஐயா தட்டைக் கண்டுபிடித்துவிட்டார். "இது என்னப்பா எட்வின்?" என்றார். "எனக்குத்தாங்க, டீயோட சாப்பிட" என்றேன். "எங்க, சாப்பிடு பாப்பம்" என்றார். சாப்பிட்டேன். டயரைக் கடித்த மாதிரி இருந்தது. புகை நாறிய மிச்சத்தை வெள்ளைச்சி மோந்து பார்த்துவிட்டுத் திரும்பி உட்கார்ந்துகொண்டது. அடுத்த வீட்டு விஜயகலா, "பொண்டாட்டி இல்லாத மனுஷன் என்னத்ததான் திங்கிறதுன்னு இல்லையா?" என்று லயம் முழுக்கச் சொல்லி முடித்துவிட்டாள்.

இப்போது கூரைத் தகரத்தில் வெயிலில் காயவைக்கிறோம். மழை வந்தால் நான்தான் ஏற வேண்டும். முட்டி கெஞ்சுகிறது. ஆனால் வெள்ளைச்சி தின்கிறது, வயிறும் வற்றிவிட்டது.

அடுத்த மாதம் ஒப்பந்தம் முடிந்ததும் வீட்டு மேடம் இன்னும் இரண்டு வருஷம் இருக்கச் சொல்கிறார், என்ன பதில் சொல்ல என்று போனில் கேட்டாய். ரோஷானி பக்கத்தில் இருந்ததால் "ம்" என்று போனை வைத்துவிட்டேன். அதனால்தான் லீவு முடிந்து குவைத்துக்குத் திரும்பும் மாவனல்லை ஸபியா கையில் இதைக் கொடுக்கிறேன். நீ உன் இஷ்டப்படி முடிவு செய். எங்களை நினைத்து அவசரப்படாதே. சமையல் பழகிவிட்டது. ரோஷானிக்கு ஜடை பின்னவும் பழகிவிட்டேன், கொஞ்சம் கோணல், ஸ்கூலில் யாரும் சிரிப்பதில்லை என்று அவள் பொய் சொல்கிறாள். இரண்டு வருஷம் என்ன, ஓடிவிடும்.

வேளைக்குச் சாப்பிடு. மாதா உன்னைக் கைவிட மாட்டாள்.

உன்,
எட்வின்

பி.கு.: வான் ஓட்டும் பஸ்லானிடம், அடுத்த மாதக் கடைசியில் கட்டுநாயக்க ஏர்போர்ட்டுக்கு ஒரு பயணம் இருக்கிறது, வேறு யாருக்கும் வாக்குக் கொடுக்காதே என்று சொல்லிவைத்திருக்கிறேன்.